சுறாப்புட்டு வேண்டாம், நெத்திலி போதும்

தங்கச்சிக்கு இது எட்டாம் மாதம். பிரசவத்துக்குச் சேலம் வந்துவிட்டாள். பால் ஊறுவதற்குச் சுறாப்புட்டு செய்ய வேண்டும் என்று, சூரமங்கலம் மீன் மார்க்கெட்டில் இப்போதே சொல்லி வைக்கப் பார்க்கிறாள் அம்மா. நான் வேண்டாம் என்கிறேன்.

சுறா என்றால் பயம் என்பதெல்லாம் சினிமா பார்த்து வந்தது. நம் ஊரில் அது பிள்ளை பெற்றவளுக்கான பத்தியம். மஞ்சள் போட்டு வேகவைத்து, தோலை உரித்து, தண்ணீர் ஒட்டப் பிழிந்து, பூண்டும் சின்ன வெங்காயமும் போட்டு உதிரியாக வதக்கினால் அம்மாயி வீடே மணக்கும். அந்த ருசி எனக்கும் பிடிக்கும்.

ஆனால் போன மாதம் ஒரு பால் சுறாவை அறுத்தபோது வயிற்றுக்குள் குட்டிகள் இருந்தன. விரல் நீளம்தான். ஒவ்வொன்றுக்கும் தொப்புள் கொடி. "சினைச் சுறாங்க அக்கா" என்று சொல்லி வழித்து ஓரமாகப் போட்டார் மீன்காரர். மத்தி ஆயிரக்கணக்கில் முட்டை போடும். பால் சுறா அப்படி இல்லை. கொடி வழியாக ஊட்டி, ஏறக்குறைய ஒரு வருஷம் சுமந்து, ஒன்றிலிருந்து எட்டுக் குட்டி வரைதான் போடும். பிடிக்கிற வேகத்துக்கு அது எப்படி ஈடு கொடுக்கும்? 1970-க்குப் பிறகு பெருங்கடல்களில் திரியும் சுறா, திருக்கை இனங்கள் 71 சதவீதம் குறைந்துவிட்டதாக 2021-ல் வந்த ஆய்வு சொல்கிறது. காரணம் மீன்பிடிதான்.

மனசு மாறாது என்று சொல்பவர்களுக்குக் குஜராத்தைக் காட்டுவேன். அங்கே திமிங்கலச் சுறாவை ஈரல் எண்ணெய்க்காகக் கொன்றுகொண்டிருந்தார்கள். 2001-ல் சட்டம் தடை போட்டது. 2004-ல் ராமாயணச் சொற்பொழிவாளர் மொராரி பாபு மீனவர்களிடம் பேசினார்: பிரசவத்துக்குத் தாய்வீடு வரும் மகள் அது, அதைக் கொல்லலாமா என்று. அதற்கப்புறம் சுறா சிக்கினால் தங்கள் வலையைத் தாங்களே அறுத்து விடுகிறார்கள். வலைக்கு அரசு நஷ்டஈடு தருகிறது. எங்கள் வீட்டிலும் ஒரு மகள் வந்திருப்பதால் எனக்கு இது இன்னும் ஆழமாகப் படுகிறது.

அம்மாவிடம் எடுபட்டது வேறு விஷயம். பெரிய சுறாக்களின் சதையில் பாதரசம் சேரும். துண்டு போட்டு விற்கும்போது எந்தச் சுறா என்று நமக்குத் தெரியாது. கர்ப்பிணிகளும் பாலூட்டும் தாய்மாரும் சுறாவைத் தவிர்க்கும்படி அமெரிக்க உணவு மருந்து நிர்வாகம் சொல்கிறது. நெத்திலியை நல்ல மீன்களில் சேர்த்திருக்கிறது.

கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தாள். அப்புறம், "சரி, நெத்திலியே வாங்கிட்டு வா. முருங்கைக்கீரையும் பூண்டும் மட்டும் குறையக்கூடாது" என்றாள்.