பெரியப்பாவுக்கு பலூன் பம்ப் வைத்தபோது

பாலக்கோடு தக்காளி மண்டியில் நெஞ்சுவலி வந்த பெரியப்பாவை, தருமபுரி அரசு மருத்துவக் கல்லூரியில் முதல் சிகிச்சை முடிந்ததும், தொப்பூர் கணவாய் இறங்கி சேலத்துக்குக் கொண்டுபோனோம். அங்கே ஸ்டென்ட் வைத்து அடைப்பைத் திறந்துவிட்டார்கள். ஆனால் பி.பி. ஏறவே இல்லை, கை கால் சில்லிட்டது, சிறுநீர் குறைந்தது. எக்கோவில் இ.எஃப். 25. நிறைந்த ரத்தத்தில் இதயம் எத்தனை சதவீதத்தை வெளியே தள்ளுகிறது என்ற கணக்கு அது. நல்ல இதயத்துக்கு 55-க்கு மேல் இருக்கும்.

“பலூன் பம்ப் வைக்கணும், கையெழுத்துப் போடுங்க” என்றார்கள். அது என்ன செய்யும் என்று கேட்டேன். டாக்டர் பொறுமையாகச் சொன்னார். தொடை ரத்தக்குழாய் வழியாக நீளமான பலூனை மகாதமனிக்குள் கொண்டுபோகிறார்கள். இதயம் ஓய்வெடுக்கும் நொடியில் ஹீலியம் நிரம்பி பலூன் விரியும். இதயத்துக்கே போகும் குழாய்களில் ரத்தம் கூடும். அடுத்த துடிப்புக்குச் சற்று முன் சட்டென்று சுருங்கும். அதனால் ரத்தத்தைத் தள்ளுவது இதயத்துக்குச் சுலபமாகிறது. மேட்டில் பாரவண்டிக்குப் பின்னால் ஒருவர் கைகொடுப்பது போல. இழுப்பது இதயம்தான்.

இதைவிட வலுவான ‘இம்பெல்லா’ என்ற சின்ன பம்ப் இதயத்தின் இடது கீழறைக்குள்ளேயே உட்கார்ந்து ரத்தத்தை உறிஞ்சி வெளியேற்றும். தேர்ந்தெடுத்த சில மாரடைப்பு நோயாளிகளிடம் அது உயிரிழப்பைக் குறைத்ததாக 2024-ல் ஓர் ஆய்வு வந்தது. ரத்தக்கசிவும் கால் பாதிப்பும் கூடுதலாக இருந்தன. விலையும் பல மடங்கு. பலூனோ, 2012-ல் வந்த பெரிய ஆய்வில் உயிரிழப்பைக் குறைக்கவில்லை. அதனால் “எங்க நோயாளிக்கு ஏன் இது?” என்று தயங்காமல் கேளுங்கள். எங்களுக்கு நேரான பதில் கிடைத்தது.

காலைப் பற்றி யாரும் முன்கூட்டிச் சொல்வதில்லை. பலூன் இருக்கும்வரை அந்தக் காலை மடக்கக் கூடாது, நிமிர்ந்து உட்காரவும் கூடாது. நர்ஸ் அடிக்கடி வந்து பாதத்தில் நாடி பார்ப்பார். பாதம் வெளுத்தாலோ, சில்லிட்டாலோ, வலித்தாலோ உடனே சொல்லிவிட வேண்டும். பெரியப்பா முட்டியைத் தூக்கிக்கொண்டே இருந்தார். “கொஞ்சம் நீட்டியே வைங்க” என்று பெரியம்மா பார்வை நேரம் முழுக்க காலைப் பிடித்தபடி நின்றார்.

பி.பி. தானாகவே நிலைத்து நின்றதும் பலூனின் துணையைக் குறைத்தார்கள்: முதலில் துடிப்புக்கு ஒரு முறை விரிந்தது, பிறகு இரண்டு துடிப்புக்கு ஒன்று, அப்புறம் மூன்றுக்கு ஒன்று. எடுத்த பிறகு தொடையை வெகுநேரம் அழுத்திப் பிடித்தார்கள்.

வீட்டுக்கு வந்துவிட்டார். மாத்திரை, உப்புக் குறைப்பு, காலையில் எடை பார்ப்பது எல்லாம் பெரியம்மா பொறுப்பு. சில நாளில் இரண்டு கிலோ கூடினால் உடம்பில் நீர் சேர்கிறது என்று அர்த்தம்; அன்றே டாக்டரைக் கூப்பிடச் சொல்லியிருக்கிறார்கள்.