கோணேசர் மலையடியில் அகுஸ்தீனாரின் தாய்

அம்மாவின் திவசத்துக்காக இந்த ஆவணியில் திருகோணமலைக்குப் போயிருந்தேன். முப்பது வருடத்துக்கு மேலாக அக்காதான் ஐயரைக் கூப்பிட்டு, சமைத்துப் படைத்து, அதைத் தனியாகச் செய்துவருகிறாள். நான் கூட இருந்து செய்தது இது இரண்டாவது முறை.

1990இல் சண்டை மறுபடி தொடங்கியபோது அம்மாவும் அக்காவும் மன்னார்க் கரையிலிருந்து வள்ளம் ஏறி இராமேஸ்வரம் போனார்கள். மண்டபம் முகாமில் மூன்று வருடம் இருந்தார்கள். 1993இல் அம்மா அங்கேயே இறந்துபோனார். சாம்பலை இராமேஸ்வரக் கடற்கரையில், அக்கினி தீர்த்தத்தில் கரைத்தார்கள். நான் ஐரோப்பாவில், அகதி வழக்கு முடியாமல், எங்கேயும் போக முடியாத நிலையில் இருந்தேன். தொலைபேசியில் அக்கா அழுதது மட்டும் கேட்டது. எனக்கு அழுகை வரவில்லை. "என்னைத் திருமலைக்குக் கொண்டுபோங்கோ, கோணேசற்றை காலடியில போய்ச் சேரவேணும்" என்று, எங்கள் ஊர் மலைக்கோயில் சிவனை நினைத்து, அம்மா கடைசி மாதங்களில் திரும்பத் திரும்பக் கேட்டாராம். அதை அக்கா எனக்குச் சொன்னதே பல வருடம் கழித்துத்தான். அந்த ஒரு வார்த்தை முள்ளாக உள்ளே தங்கிவிட்டது.

வந்து சேர்ந்த அன்று மாலை பக்கத்து வீட்டு டீச்சர் தேத்தண்ணி குடிக்க வந்தார். ஓய்வுபெற்ற தமிழ் ஆசிரியை, கத்தோலிக்கர். அம்மாவோடு சங்கக் கடை வரிசையில் நின்று பழகியவர். போகும்போது ஒரு புத்தகத்தைக் கையில் தந்தார். புனித அகுஸ்தீனார் தன் வாழ்க்கை முழுவதையும் கடவுளிடமே சொல்வதுபோல எழுதிய நூல்.

"எல்லாம் வேண்டாம் தம்பி. ஒன்பதாம் பகுதியை மட்டும் வாசியுங்கோ. ஆகஸ்ட் 27ஆம் திகதி அவற்றை தாய் மோனிக்கம்மாவின்ரை திருநாள்."

உண்மையைச் சொன்னால், எனக்குத் தயக்கம் இருந்தது. 1620களில் போர்த்துக்கேயர் கோணேசர் கோயிலை இடித்து, அந்தக் கற்களைக் கொண்டே கோட்டை கட்டிய கதையைக் கேட்டு வளர்ந்தவன் நான். சிலுவையோடு வந்தவர்கள் செய்த வேலை அது. திவசத்துக்கு முதல்நாள் இரவு அந்தப் பக்கத்துப் புத்தகத்தைத் திறப்பது சரியா என்று யோசித்தேன். அப்புறம், டீச்சர் அம்மாவை நினைத்துத் தந்தது என்பதால் திறந்தேன்.

விடியும் வரை மூடவில்லை.

அகுஸ்தீனார் 354இல் வட ஆபிரிக்காவில் தகாஸ்தே என்ற ஊரில் பிறந்தவர். இன்றைய அல்ஜீரியா. வாலிபத்தில் தாயின் கிறிஸ்தவ சமயத்தை விட்டு, ஒளியும் இருளும் இரண்டு எதிர்ச் சக்திகள் என்று போதித்த மானிக்கேய மதத்தில் சேர்ந்து ஒன்பது வருடம் அதில் இருந்தார். தாய் மோனிக்கா அழுதுகொண்டே இருந்தார். ஓர் ஆயரிடம் போய் மகனோடு பேசச் சொல்லி விடாமல் கெஞ்ச, அவர் கடைசியில், இவ்வளவு கண்ணீருக்குப் பிள்ளையானவன் அழிந்துபோக மாட்டான் என்று சொல்லி அனுப்பினாராம். மகன் இத்தாலிக்குப் போனபோது தாயும் கடல் கடந்து பின்னால் போனார். 387இல் மிலான் நகரில் மகன் திருமுழுக்குப் பெற்றதைக் கண்ணால் கண்டார். ஊர் திரும்பக் கப்பலுக்காக ரோமுக்குப் பக்கத்தில் ஒஸ்தியா துறைமுகத்தில் காத்திருந்த இடத்தில் காய்ச்சல் வந்து, ஒன்பதாம் நாள் இறந்துபோனார். வயது 56.

என்னை உலுப்பியது அந்த ஒன்பது நாள். மோனிக்கா ஊரில், கணவரின் கல்லறைக்குப் பக்கத்தில், தனக்கென்று ஓர் இடம் தயார் பண்ணி வைத்திருந்தவர். அங்கேதான் அடங்க வேண்டும் என்று வெகுகாலம் ஆசைப்பட்டவர். அந்நிய மண்ணில் கிடக்கும்போது இன்னொரு மகன், சொந்த ஊரில் உயிர் போனால் நல்லது என்று சொல்கிறான். தாய் அவனைக் கடிந்து பார்க்கிறார். பிறகு இருவரையும் பார்த்து, இந்த உடம்பை எங்கே வேண்டுமானாலும் புதையுங்கள், அதைப் பற்றிக் கவலைப்படாதீர்கள், எங்கே இருந்தாலும் ஆண்டவருடைய பீடத்தில் என்னை நினைத்துக்கொள்ளுங்கள், அது போதும் என்கிறார். இவ்வளவு தூரத்தில் உடலை விட்டுப்போகப் பயமில்லையா என்று முன்பே ஒருமுறை நண்பர்கள் கேட்டதற்கு அவர் சொன்ன பதில் இது: கடவுளுக்கு எதுவும் தூரமில்லை.

அகுஸ்தீனாரும் அடக்கம் முடியும்வரை அழவில்லை. அடக்கி வைத்திருந்தார். குளித்தால் மனப்பாரம் இறங்கும் என்று யாரோ சொன்னதைக் கேட்டுக் குளித்துப் பார்த்தார், இறங்கவில்லை. தூங்கி எழுந்து, ஆயர் அம்புறோஸ் எழுதிய ஒரு பாடல் நினைவுக்கு வந்தபிறகுதான் கண்ணீர் வந்தது. தாய்க்காக ஒரு மணி நேரத்தில் சிறு பங்கு அழுதேன், அதைக் குற்றம் என்று நினைப்பவர் நினைக்கட்டும் என்று எழுதுகிறார். எவ்வளவு பெரிய ஞானி, எவ்வளவு பிள்ளை மனசு.

திவசம் முடிந்த மறுநாள் காலை அக்காவும் நானும் மலைக்குப் போனோம். கோட்டை வாசலில் ஓட்டோவை விட்டு இறங்கி நடந்தோம். ஆலமர நிழலில் மான்கள் வழக்கம்போல நின்றன. கச்சான் காற்று முகத்தைச் சுட்டது. கடல் மட்டும் குளம் மாதிரிக் கிடந்தது. இந்த மாதங்களில் கிழக்குக் கடல் அப்படித்தான்.

கோணேசரையும் மாதுமை அம்பாளையும் கும்பிட்டோம். இடிப்புக்கு முன் ஒளித்துப் புதைத்த விக்கிரகங்கள் 1950இல் கிணறு வெட்டும்போது வெளியே வந்தன. 1963இல் கும்பாபிஷேகம் நடந்தபோது அக்காவுக்கு இரண்டு வயது. அம்மா அவளை இடுப்பில் வைத்துக்கொண்டு இந்த ஏற்றம் ஏறியிருக்கிறார்.

இராவணன் வெட்டு என்கிற பாறைப் பிளவின் பக்கம், மரத்தில் தொட்டில்கள் கட்டியிருக்கும் இடத்துக்குக் கிட்டப் போய் நின்று, அக்கா பாடத் தொடங்கினாள்.

"குரைகடல் ஓதம் நித்திலம் கொழிக்கும் கோணமாமலை அமர்ந்தாரே…"

பள்ளிக்கூடக் காலத்திலிருந்து பாடமான பதிகம். அன்றுதான் எனக்கு அது உறைத்தது. சம்பந்தர் இந்த மலைக்கு வந்தவரில்லை. இராமேஸ்வரத்தில் நின்று, கடலுக்கு இந்தப் பக்கம் இருக்கும் கோணேசரை நினைத்துப் பாடினார் என்று பெரியபுராணம் சொல்கிறது. அலை முத்துக் கொழிப்பதைக்கூட அங்கே நின்றே பாடியிருக்கிறார். அம்மாவைக் கரைத்த அதே கரை. அம்மா கோணேசரைக் கேட்டு அழுத அதே மணல்.

கடவுளுக்கு எதுவும் தூரமில்லை.

அந்தக் கைப்பிடிச் சுவரைப் பிடித்துக்கொண்டு அழுதேன். முப்பது வருடம் பிந்தி வந்த அழுகை. அக்கா பதிகத்தை நிறுத்தவில்லை, பாடி முடித்துவிட்டுத்தான் என் தோளில் கை வைத்தாள்.

இறங்கி வரும்போது மோனிக்காவின் கதையை முழுக்கச் சொன்னேன். வேறு சமயம் போன மகன், அழுது அழுது அவனை மீட்ட தாய். அக்கா பேசாமல் கேட்டுக்கொண்டே வந்தாள். "அப்ப எங்கடை திலகவதியார்தான்" என்றாள். சமணம் போன தம்பிக்காகத் திருவதிகையில் வீரட்டானேசுவரரை வேண்டிக்கொண்டிருந்த அக்கா. அந்தத் தம்பிதான் பிறகு, திருமாலும் நான்முகனும் தேடிக் காணாதவனை "என்னுளே தேடிக் கண்டுகொண்டேன்" என்று பாடிய அப்பர். அகுஸ்தீனாரும் அடுத்த பகுதியில் அதையே சொல்கிறார்: நீர் உள்ளே இருந்தீர், நான் வெளியே தேடி அலைந்தேன், பிந்தித்தான் உம்மை நேசித்தேன். இவர் தேவாரம் கேட்டவரில்லை, அப்பர் லத்தீன் படித்தவருமில்லை. இரண்டு பேருக்குப் பின்னாலும் ஒரு பெண் அழுதுகொண்டு நின்றிருக்கிறாள். எனக்குப் பின்னாலும் நின்றாள்.

27ஆம் திகதி காலை டீச்சரோடு புனித மரியாள் பேராலயத்துக்குப் போனோம். 1852இல் கட்டிய கோயில், வெளிர் நீல முகப்பு. டீச்சரும் அதைக் கோயில் என்றுதான் சொல்வார், நடப்பதைப் பூசை என்றுதான் சொல்வார். சின்ன வயதில் இந்த மதிலோரம் எத்தனையோ தரம் நடந்திருக்கிறேன், உள்ளே போனது இதுதான் முதல் தடவை. அக்கா வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு, மறக்காமல் படியைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டு உள்ளே வந்தாள்.

இறந்தவர்களுக்காகப் பூசையில் ஒப்புக்கொடுக்கப் பெயர் எழுதலாம் என்று டீச்சர் சொன்னார். பையிலிருந்து ஒரு துண்டுக் கடதாசியும் பேனையும் எடுத்தார்.

"அம்மாவின்ரை பெயரைச் சொல்லும் பிள்ளை."

அக்கா பெயரைச் சொன்னாள். ஐயரிடம் சொல்லும் பழக்கத்தில், "ரோகிணி நட்சத்திரம்" என்றும் சொன்னாள்.

டீச்சர் ஒரு கணம் நிமிர்ந்து பார்த்தார். பிறகு குனிந்து, பெயருக்குப் பக்கத்தில் நட்சத்திரத்தையும் எழுதினார்.