ஈனியாஸ் பாடத்தை இரண்டாம் முறை படித்தபோது

முதுகலை ஆங்கில இலக்கியத்தில் எங்களுக்குக் காப்பியத் தாள் ஒன்று உண்டு. அதில் ரோமானியக் கவிஞர் வெர்ஜிலின் ஈனியட், மொழிபெயர்ப்பில். முதல் முறை "ரோம் நகரை நிறுவிய ஈனியாஸ்" என்று விடையைத் தொடங்கி நான்கு பக்கம் எழுதினேன். தேர்ச்சி கிடைக்கவில்லை. அரியர் எழுத உட்கார்ந்தபோதுதான் அந்த முதல் வரியே பிழை என்று புரிந்தது.

ஈனியாஸ் ரோமை நிறுவவில்லை. தன் நகரமான டிராய் கிரேக்கரிடம் வீழ்ந்து எரிந்த பிறகு ஆண்டுக்கணக்கில் கடலில் அலைந்து, இத்தாலியின் லாட்டியம் பகுதியில் கரையேறியவர் அவர். அவருக்கு விதிக்கப்பட்ட ஊர் லவீனியம். மகன் அஸ்கேனியஸுக்கு ஆல்பா லோங்கா. ரோமை நிறுவும் ரோமுலஸ் வெகு காலம் கழித்தே வருகிறான். முதல் காண்டத்தில் தேவர்களின் அரசன் ஜூபிடர் சொல்லும் ஆட்சிக் கணக்கை மனப்பாடம் செய்துவிடுங்கள்: ஈனியாஸுக்கு 3 ஆண்டு, அஸ்கேனியஸுக்கு 30, ஆல்பாவுக்கு 300. டிராயின் வீழ்ச்சியைக் கி.மு. 1184 என்றும், ரோமின் தோற்றத்தைக் கி.மு. 753 என்றும் மரபு வைத்திருக்கிறது. நடுவிலுள்ள நானூறு ஆண்டுகளை நிரப்பத்தான் ஆல்பா அரசர்கள் வரிசையாக வருகிறார்கள்.

மொத்தம் 12 காண்டங்கள், பத்தாயிரத்துக்குச் சற்றுக் குறைந்த அடிகள். கதை புயலில் தொடங்குகிறது. டிராயின் அழிவை ஈனியாஸ் பிறகுதான் வட ஆப்பிரிக்கக் கார்த்தேஜின் அரசி டைடோவுக்குச் சொல்கிறார். அதனால் இரண்டு, மூன்று, ஒன்று, நான்கு என்ற வரிசையில் படித்தால் கதை கையில் நிற்கும். அவர் இறங்கிய துறைமுகங்களைப் பட்டியலிட்டு நான் வீணாக்கிய நாள்கள் அதிகம். இரண்டாம் முறை, ஒவ்வோர் இடத்திலும் அவர் யாரை இழந்தார் என்று மட்டும் குறித்துக்கொண்டேன். டிராயில் மனைவி கிரியூசா. சிசிலியில் தந்தை அன்கைசீஸ். கார்த்தேஜில் டைடோ. இத்தாலியை நெருங்கும்போது மாலுமி பாலினூரஸ். இத்தாலியப் போரில், தன் பொறுப்பில் ஒப்படைக்கப்பட்ட இளைஞன் பல்லாஸ். காப்பியம் முழுவதும் அந்த ஒரே தாளில் அடங்கிவிட்டது.

டிராயை விட்டு வெளியேறும் காட்சியை நிதானமாகப் படியுங்கள். தந்தை தோளில்; குலதெய்வங்களின் உருவங்கள் தந்தையின் கையில், ஏனென்றால் ஈனியாஸின் கையில் போரின் ரத்தம் காயவில்லை. சிறுவன் வலக்கையைப் பற்றிக்கொண்டு, அப்பாவின் நடைக்கு ஈடுகொடுக்க முடியாமல் எட்டு வைக்கிறான். மனைவி பின்னால் வருகிறாள். திரும்பிப் பார்க்கும்போது அவள் இல்லை. ஜூலியஸ் சீசர் வெளியிட்ட வெள்ளி நாணயம் ஒன்றில் இதே காட்சி இருக்கிறது: தோளில் தந்தை, கையில் டிராயின் காவல் தெய்வச் சிலை. அதில் கிரியூசாவுக்கு இடமில்லை. வெர்ஜில் அவளை ஆவியாகத் திரும்ப அழைத்துவந்து பேசவைக்கிறார். ஈனியாஸ் மூன்று முறை அணைக்க முயல்கிறார். மூன்று முறையும் காற்றாக நழுவுகிறாள். ஆறாம் காண்டத்தில், பாதாள உலகில் தந்தையைக் காணும்போது அதே மூன்று அடிகள் எழுத்து மாறாமல் திரும்ப வருகின்றன. இதைக் கண்டுபிடித்த இரவு எனக்கு உறக்கம் வரவில்லை.

டைடோ பகுதியை வெறும் காதல் கதையாக எழுதாதீர்கள். சாகும்முன் அவள் தன் எலும்பிலிருந்து ஒரு பழிவாங்குபவன் எழட்டும் என்று சபிக்கிறாள். ரோமானிய வாசகருக்கு அங்கே, பிற்காலத்தில் ரோமைத் தாக்கிய கார்த்தேஜ் தளபதி ஹானிபால் தெரிவான். பாதாளத்தில் ஈனியாஸ் அழுதுகொண்டே பேச, அவள் ஒரு சொல்லும் பேசாமல் முகம் திருப்பிப் போய்விடுகிறாள்.

'பியெடாஸ்' என்ற லத்தீன் சொல்லைப் 'பக்தி' என்று எழுதி நிறுத்திவிட வேண்டாம். தெய்வம், பெற்றோர், நாடு மூன்றுக்கும் ஒருவன் பட்டிருக்கும் கடன் அது. கடைசிக் காட்சி பற்றிய வினா இங்கேதான் பிறக்கிறது. தோற்றவரை விட்டுவிடு, செருக்குற்றவரை அடக்கு என்பது பாதாளத்தில் தந்தை சொன்ன வாக்கு. இத்தாலியில் ஈனியாஸை எதிர்த்துப் போரிட்ட டர்னஸ் தோற்று, மண்டியிட்டு, தன் முதிய தந்தையின் பெயரால் கெஞ்சுகிறான். ஈனியாஸின் வாள் தயங்குகிறது. அப்போது டர்னஸின் தோளில், அவன் கொன்ற பல்லாஸிடமிருந்து பறித்த கச்சை கண்ணில் படுகிறது, வாள் இறங்கிவிடுகிறது. அத்துடன் காப்பியமும் முடிகிறது.

பல்லாஸுக்குப் பட்ட கடனா, தந்தையின் வாக்கா? இரண்டு பக்கத்துக்கும் அடிகளைக் காட்டி எழுதுங்கள். இந்த வினாவுக்கு மட்டும் நாற்பது நிமிடம் ஒதுக்கினேன். அரியர் தாளில் முதலில் எழுதியதும் இதைத்தான்.