ஆன்சர் கீ தப்பு என்று கோர்ட்டுக்குப் போகிறவர்களுக்கு

திருவாரூர், நாகப்பட்டினம் மாவட்டக்காரர்கள் ஆன்சர் கீயை (தேர்வு நடத்தியவர்கள் வெளியிடும் விடைப் பட்டியல்) எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட மதுரைக்குக் கிளம்பாதீர்கள். தஞ்சாவூரும் திருச்சியும்தான் மதுரைக் கிளையில் வரும், நமக்குச் சென்னை. மன்னார்குடியில் நான் படித்த கோச்சிங் சென்டரில் "மதுரைன்னா சீக்கிரம் முடிஞ்சிரும்" என்று அடித்துச் சொன்னார்கள். நானும் அப்பாவும் விடியற்காலையில் மாட்டுத்தாவணியில் இறங்கி, ஒரு வக்கீலைத் தேடிப் பிடித்தால், அவர் ஆதார் கார்டைப் பார்த்த கையோடு, "திருவாரூர் மாவட்டமா? இங்க எடுக்க மாட்டாங்கம்மா" என்று திருப்பிக் கொடுத்துவிட்டார். குறுவை நெல்லைக் கொள்முதல் நிலையத்தில் போட்டு வந்த பணத்தில்தான் போயிருந்தோம். ஊர் வந்து சேரும்வரை அப்பா வாயே திறக்கவில்லை.

பிரச்சினை ஒரே ஒரு கேள்வி. பஞ்சாயத்து ராஜ் பற்றிய 73ஆவது சட்டத்திருத்தம் நடைமுறைக்கு வந்த ஆண்டு எது என்று கேட்டிருந்தார்கள். சட்டத்தின் பெயரில் 1992 இருக்கிறது. நடைமுறைக்கு வந்தது 1993 ஏப்ரல் 24. நான் 1993 என்று நிரப்பினேன், கீயில் 1992. ஆட்சேபம் தெரிவித்தும் இறுதிக் கீயில் மாற்றவில்லை. அந்த ஒரு கேள்வியில்தான் கட்-ஆஃப் போனது.

சென்னை வக்கீல் முதலில் கேட்டது விடை சரியா தப்பா என்றே இல்லை. "ஆட்சேபத்தை குடுத்த கெடுவுக்குள்ள போட்டீங்களா? அத்தாட்சி இருக்கா?" என்றுதான். நல்லவேளை, எங்கள் ஊர் பிரவுசிங் சென்டர் அண்ணன் அன்றைக்கே பிரிண்ட் எடுத்துக் கையில் திணித்திருந்தார். அது இல்லாமல் போனால், அப்போது சும்மா இருந்துவிட்டு ரிசல்ட் வந்த பிறகு ஏன் வருகிறீர்கள் என்று கேட்பார்கள்.

என்னிடம் இன்னொரு கேள்வியும் இருந்தது. எண் தொடர், இரண்டு விடையும் பொருந்தும் என்று ஒரு முழுத் தாளுக்கு விளக்கம் எழுதிக் கொண்டுபோயிருந்தேன். அவர் பார்த்துவிட்டுப் பேனாவால் குறுக்கே ஒரு கோடு போட்டார். வருத்தமாகத்தான் இருந்தது. ஆனால் காரணம் சரி. 1983இல் கான்பூர் பல்கலைக்கழக வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது: கீ சரி என்றே எடுத்துக்கொள்வார்கள், தப்பு என்பது பளிச்சென்று தெரிய வேண்டும், சுற்றி வளைத்து வாதாடி நிறுவுவதாக இருக்கக்கூடாது. அந்த வழக்கில் மாணவர்களைக் காப்பாற்றியது பாடப்புத்தகங்கள்தான். 2017 டிசம்பரில் ரண் விஜய் சிங் வழக்கில் இன்னும் இறுக்கிவிட்டார்கள்: சந்தேகம் இருந்தால் அதன் பலன் தேர்வு நடத்தியவர்களுக்கே, அனுதாபத்துக்கு இடமில்லை. அதனால் பத்துக் கேள்வியைத் தூக்கிக்கொண்டு போகாதீர்கள். புத்தகத்தைத் திறந்து காட்டினால் போதும் என்கிற மாதிரி ஒன்று இருந்தால் மட்டும் போங்கள்.

வக்காலத்தில் கையெழுத்து, மனு டைப் அடித்தது எல்லாம் ஒரே பகலில் முடிந்தது. இழுத்தது அதற்கப்புறம்தான். வக்கீலின் குமாஸ்தா பாடப்புத்தகத்தில் அந்தப் பக்கத்தை மட்டும் ஜெராக்ஸ் போட்டுச் சேர்த்திருக்கிறார்; முகப்பும் பதிப்பு ஆண்டும் இல்லை. தமிழ் ஆவணங்களுக்கு ஆங்கில மொழிபெயர்ப்பும் இல்லை. கோர்ட் அலுவலகத்தில் மனுவைத் திருப்பிவிட்டார்கள், வழக்கு நம்பர் ஆகவில்லை. குமாஸ்தாவுக்குப் போன் போட்டால், "வரும்மா, வரும்" என்பார். அதற்குள் தேர்வு நடத்தியவர்கள் கலந்தாய்வுத் தேதி அறிவித்துவிட்டார்கள். மறுபடி மன்னை எக்ஸ்பிரஸ், எழும்பூரிலிருந்து எலெக்ட்ரிக் ட்ரெயின், கோட்டையில் இறங்கிப் பாரிமுனைக்கு நடை. பக்கத்தில் உட்கார்ந்தே திருத்த வைத்தேன்.

இதை மறக்கவே கூடாது: இடைக்கால உத்தரவு கேளுங்கள். ஒரு இடத்தைக் காலியாக வைக்கும்படி உத்தரவு வாங்காவிட்டால், எல்லா இடமும் நிரம்பிய பிறகு ஜெயித்தும் பிரயோஜனம் இல்லை. தேர்வானவர்களை எதிர்மனுதாரராகச் சேர்க்காததாலேயே தோற்ற கேஸ்களும் உண்டு. எனக்கு ஒரு இடத்தைக் காலியாக வைக்கும்படி உத்தரவு கிடைத்தது. வாய்தா வாய்தாவாகப் போய், கடைசியில் நீதிபதி தானே மார்க் போடவில்லை; நிபுணர் குழு பார்த்துச் சொல்லட்டும் என்றார். குழு 1993 என்று ஒப்புக்கொண்டது.

உத்தரவு வந்ததும் நகலை ஸ்பீட் போஸ்டில் அனுப்பி, போய்ச் சேர்ந்ததற்கான அத்தாட்சியைப் பத்திரமாக வையுங்கள். தேர்வு நடத்திய அலுவலகத்தின் கவுண்டரில் இருந்தவர் என் முகத்தைக்கூடப் பார்க்காமல் "எங்களுக்கு எந்த ஆர்டரும் வரலை" என்றார். அந்த அத்தாட்சியைக் கண்ணாடிக்கு அடியில் தள்ளினேன். அப்புறம்தான் நாற்காலியைக் காட்டி உட்காரச் சொன்னார். சான்றிதழ் சரிபார்ப்புக்கு அடுத்த வாரம் வரச் சொல்லியிருக்கிறார்கள்.