தகட்டின் மேல் ஒரு நாடு

ஒலி எழுந்தால் மலை முளைக்கும், சுருதி மாறினால் கடற்கரை நகரும். அப்படியொரு நாட்டை வரைந்து வாருங்கள் என்றால் பிள்ளைகள் கோட்டையும் வானவில்லுமாக வரைந்து தள்ளிவிடுவார்கள். படம் அழகாகத்தான் இருக்கும். அந்த மலை ஏன் அங்கே நிற்கிறது என்று கேட்டால்தான் பதில் வராது. பாலக்காட்டுச் சித்தூர், கொழிஞ்சாம்பாறைப் பக்கத்துத் தமிழ்வழி வகுப்புகளில் இந்தச் செயல்பாட்டை நடத்துகிறவர்களுக்கு வேலை கற்றுக்கொடுத்தது இதுதான்: நாட்டை முதலில் அதிரும் உலோகத் தகட்டில் எழுப்ப வேண்டும், பெயரும் கதையும் பிறகு.

அதிரும் தகட்டில் மணலைத் தூவினால், குதிக்கும் இடங்களை விட்டுவிட்டு அசையாத கோடுகளில் போய் மணல் ஒதுங்கும். ஜெர்மன் இயற்பியலாளர் எர்ன்ஸ்ட் கிளாட்னி 1787இல் இதை நூலாக எழுதினார். அதற்கும் நூறு வருஷம் முன்னால், 1680இல், ஆங்கில விஞ்ஞானி ராபர்ட் ஹூக் மாவு தூவிய கண்ணாடியின் விளிம்பில் வில்லை இழுத்துப் பார்த்திருக்கிறார். நம் நாட்டுக்கு இதிலிருந்து ஒரே ஒரு சட்டம் போதும். அசையாத இடம் நிலம், அதிரும் இடம் கடல்.

தகடு 24 செ.மீ. சதுரம், 1 மி.மீ. கனம். இரும்போ அலுமினியமோ, இரண்டிலும் சுருதி ஏறக்குறைய ஒன்றாகவே வரும். பித்தளையில் அது மூன்றில் இரண்டு பங்காக இறங்கும். தகரக் கத்தரியால் வெட்டிய தகடு வேண்டாம். ஓரம் நெளிந்துவிடும், மணல் பள்ளத்தைத் தேடி ஓடும், பிள்ளைகள் அதையும் ஒரு கடற்கரை என்று வரைந்துவிடுவார்கள். பட்டறையில் ஷியரிங் மெஷினில் வெட்டி வாங்கி, ஓரத்துப் பிசிறை அரத்தால் தேய்த்து, கரும்பலகைக்கு அடிக்கும் கறுப்பு பெயின்ட்டை மெல்லிசாக ஒரு கோட் அடித்தால் போதும். சரியாக நடுவில் துளை போட்டு, 6 மி.மீ. போல்ட்டில் கெட்டியாக முடுக்கி, ரசமட்டம் வைத்துப் பார்க்க வேண்டும். பெரிய வாஷர் போடக் கூடாது. அது நடுப்பகுதியை விறைப்பாக்கி வடிவத்தைக் கெடுக்கும்.

பழைய வயலின் வில்லில் ரோசின் நன்றாகத் தேய்த்து, செங்குத்தாகப் பிடித்து, விளிம்பில் மேலிருந்து கீழாக ஒரே இழுப்பு. ஒரு விளிம்பின் நடுவில் விரலை வைத்து மூலையில் இழுத்தால் கூட்டல் குறி வரும். மூலையில் விரலை வைத்து விளிம்பின் நடுவில் இழுத்தால் பெருக்கல் குறி வரும். விரல் படும் இடம் அசையாது, ஆகவே அது நிலம். ஒரு விரலை நகர்த்தி ஒரு நாட்டின் எல்லையை மாற்றலாம் என்பது பிடிபடும் அந்த நொடியில் வகுப்பே தகட்டைச் சுற்றிக் குனிந்துவிடும்.

வில்லுக்குப் பதில் ஸ்பீக்கர் வைத்துச் செய்யும்போது தகட்டின் எடைதான் முதல் தடை. மேலே சொன்ன இரும்புத் தகடு ஏறக்குறைய 450 கிராம். அதை ஸ்பீக்கரின் கூம்பில் ஏற்றினால் கூம்பு அழுந்தி, உள்ளே சுருள் உரசும், கரகரப்புதான் மிஞ்சும். 18 செ.மீ. சதுரம், அரை மி.மீ. கனமுள்ள அலுமினியத் தகடு 44 கிராம்தான். ஆறு அங்குல ஸ்பீக்கர் அதைத் தாங்கும். பிளாஸ்டிக் பாட்டிலின் மூடியைக் கூம்பின் நடுவில் ஒட்டி, அதில் போல்ட்டை நிறுத்தி, தகட்டை அதன்மேல் முடுக்கலாம். இங்கே நடுப்புள்ளியே குதிக்கிறது. அதனால் நடுவில் கோடுகள் சந்திக்கும் கூட்டலும் பெருக்கலும் இதில் வராது. வளையங்களும் அவற்றைச் சுற்றிய கோடுகளும் வரும். வில்லில் வந்த நாடு ஸ்பீக்கரில் ஏன் வரவில்லை என்று தலையைப் பிய்த்துக்கொள்வது இதனால்தான்.

ஸ்பீக்கருக்கு ஒலி கொடுக்கும் போன் செயலியில் சுருதியை 10 ஹெர்ட்ஸ், 10 ஹெர்ட்ஸாகத் தாவவிட்டால் நல்ல வடிவங்கள் நடுவில் நழுவிப்போகும். மணல் நெளியத் தொடங்கியதும் 1 ஹெர்ட்ஸாக நகர வேண்டும். பத்து விநாடி ஒலி, பிறகு நிறுத்தம். விடாமல் ஓட்டினால் சுருள் சூடாகிக் கருகும், 1000 ஹெர்ட்ஸுக்கு மேல் காதும் நோகும்.

தூவுவதற்கு வறுத்து ஆறவைத்த ரவை மிக நல்லது. ஒரே அளவு, வெள்ளை நிறம், கறுப்பில் பளிச்சென்று தெரியும். உப்பு ஜூன் மாதத்தில் கட்டிதட்டிப் போகும். கோலப்பொடியைச் சலிக்காமல் போட்டால் நடப்பதை ஒருமுறை கிட்டத்தில் குனிந்து பார்க்க வேண்டும். நறநறப்பான பொடி கோடுகளுக்கு ஓடும். நைஸான தூளோ எதிர்த்திசையில் போய், அதிகம் அதிரும் இடத்தின் நடுவில் சின்னச் சின்ன மேகங்களாகக் குவிந்து, உள்ளுக்குள்ளேயே சுழன்றுகொண்டிருக்கும். தகட்டுக்கு மேலே காற்றில் எழும் சிறு சுழல்கள் தூளை இழுத்துப்போகின்றன என்று ஆங்கில விஞ்ஞானி மைக்கேல் ஃபாரடே 1831இல் காட்டினார். ஒரே தகட்டில் இரண்டு நாடுகள்: ஒன்று அசைவின்மையில், ஒன்று காற்றில். அதைத் தவறு என்று துடைத்துவிடாதீர்கள், கடல் நடுவில் தீவாக வரையச் சொல்லுங்கள். மார்கழி, தை மாதங்களில் பாலக்காட்டுக் கணவாய்க் காற்று ஜன்னல் வழியாக அடிக்கும்போது மட்டும் கதவை அடைத்துவிட்டே வேலை. மின்விசிறியும் கூடாது.

வரைபடத்தில் ஸ்கேலைத் தொடவே விடக் கூடாது. இரண்டு கோடுகள் குறுக்கே வெட்டும் என்று நாம் எதிர்பார்க்கும் இடத்தில், நிஜத் தகட்டில் பெரும்பாலும் அவை வெட்டாமல் வளைந்து விலகும். துளை ஒரு மயிரிழை தள்ளியிருந்தாலே போதும். ஸ்கேல் வைத்த பிள்ளை அங்கே நாற்சந்தி போட்டு ஊர் கட்டிவிடும்; தகட்டில் அங்கே கடல். ஒரு மூலையில் இரண்டு ரூபாய் நாணயத்தை மெழுகால் ஒட்டினால் கரை முழுக்கக் கோணும். அது ஒரு மலையின் கனம் என்று கதைக்குள் கொண்டுவரலாம்.

இந்த ஊர்ப் பிள்ளைகளுக்கு இது தூரத்து விஷயம் அல்ல. மிருதங்கமும் செண்டையும் செய்யும் பெருவெம்பு பக்கத்தில்தான் இருக்கிறது. வெறும் தோலின் மேற்சுருதிகள் ஒன்றோடொன்று ஒத்துவராது. மிருதங்கத்தின் வலப்பக்கத் தோலான வலந்தலையின் நடுவில் ஏற்றும் சாதம் என்ற கறுப்புப் பூச்சுதான் அவற்றை வரிசைப்படுத்துகிறது. சி.வி. ராமன் இதைத்தான் ஆராய்ந்தார். 1934இல் வெளிவந்த அவர் கட்டுரையில் தோலின்மேல் மணல் காட்டும் வடிவங்களின் படங்களும் உண்டு. நாணயம் செய்ததையும் சாதம் செய்வதையும் அடுத்தடுத்து வைத்துப் பேசலாம். தொல்காப்பியம் ஒவ்வொரு நிலத்துக்கும் உரிய கருப்பொருள்களில் பறையையும் யாழையும் சேர்த்திருக்கிறது. அங்கே நிலத்துக்கு ஒரு ஒலி. இங்கே ஒலிக்கு ஒரு நிலம். ஐந்து சுருதிக்கு ஐந்து நிலம் எழுப்பி, எது குறிஞ்சி, எது நெய்தல் என்று பிள்ளைகளையே வாதாட விடுங்கள். கடல் அதிகமுள்ள வடிவத்தை நெய்தல் என்று சொல்ல ஆள் கட்டாயம் இருக்கும்.

வரைபடத்தின் கீழ் மூலையில் நான்கு எண்கள் இருக்க வேண்டும்: பக்கம், கனம், சுருதி, எந்த இடத்தில் பிடித்தது. பக்கமும் கனமும் விட்டுப்போனால் சுருதிக்குப் பொருளே இல்லை. 24 செ.மீ. இரும்புத் தகட்டில் கூட்டல் குறி, கணக்கின்படி 57 ஹெர்ட்ஸ் பக்கம். கனத்தை 2 மி.மீ. ஆக்கினால் அதே நாடு 114இல் எழும். கனத்தை மாற்றாமல் பக்கத்தைப் பாதியாக்கினால் 228இல். எண்களை மட்டும் கொடுத்து, படத்தைக் காட்டாமல், பக்கத்துக் குழு அதே நாட்டை எழுப்பிவிட்டால் வரைந்த குழுவுக்கு முழு மதிப்பெண்.