பிளிமத்தில் அபர்குரோம்பியின் பெயர்

செசில் ஹாலிடே அபர்குரோம்பிக்குக் கல்லறை கிடையாது. 1916 மே 31 அன்று, முதல் உலகப்போரில் பிரிட்டனும் ஜெர்மனியும் மோதிய ஜட்லாந்து கடற்போரில், எச்.எம்.எஸ். டிஃபென்ஸ் என்ற பிரிட்டிஷ் போர்க்கப்பலோடு வட கடலில் மூழ்கிப் போனவர். அப்போது வயது 30. ஸ்காட்லாந்துக்காக ஆறு ரக்பி ஆட்டங்கள், ஹாம்ப்ஷயர் கவுண்டிக்காகக் கிரிக்கெட், இரண்டுக்கும் மேலே கடற்படை லெப்டினன்ட் வேலை. அவரைத் தேடி எங்கே போவது என்று யோசித்து, அவர் ஆடிய ஒரு மைதானத்தையும் அவர் பெயர் இருக்கும் ஒரு தூணையும் பார்ப்பதென்று முடிவு செய்தேன்.

முதலில் கிழக்கு லண்டனில் உள்ள லேட்டன். அண்டர்கிரவுண்டில் சென்ட்ரல் லைன் பிடித்து இறங்கி ஹை ரோடு வழியாக நடந்தால் மைதானம் வந்துவிடும். ஒரு காலத்தில் எசெக்ஸ் அணியின் தலைமை மைதானம் இது. 1932-ல் யார்க்‌ஷயரின் ஹோம்ஸும் சட்கிளிஃபும் முதல் விக்கெட்டுக்கு 555 ரன் சேர்த்தது இங்கேதான், அதனால் வருகிறவர்களில் பலரும் அதைத்தான் பேசுவார்கள். நான் வந்தது 1913-க்காக. எசெக்ஸுக்கு எதிராக ஹாம்ப்ஷயர் 317 ரன் பின்தங்கி ஃபாலோ ஆன், அதாவது உடனே இரண்டாவது இன்னிங்ஸ், ஆடுகிறது, அதிலும் ஆறு விக்கெட் போய்விட்டது, யாராக இருந்தாலும் மூட்டை கட்டத் தொடங்கியிருக்கும் நேரம். அங்கே ஜார்ஜ் பிரவுனும் அபர்குரோம்பியும் நின்று ஏழாவது விக்கெட்டுக்கு 325 ரன் சேர்த்தார்கள். பிரவுன் 140, இவர் 165. நூறு வருஷம் கழிந்த பிறகும் ஏழாவது விக்கெட்டுக்கு அதுதான் ஹாம்ப்ஷயரின் சாதனையாக இருந்தது. 1886-ல் கட்டிய பெவிலியன் இன்னும் நிற்கிறது. அபர்குரோம்பி பிறந்ததும் அதே வருஷம்தான், இன்றைய பீகாரில் உள்ள முசாஃபர்பூரில்.

அந்த ஒரே கோடைக்காலம்தான் அவருடைய கிரிக்கெட்டின் பெரும்பகுதி. ஹாம்ப்ஷயருக்கு ஆடிய முதல் ஆட்டத்தில் ஆக்ஸ்ஃபோர்டு பல்கலைக்கழகத்துக்கு எதிராக 126, 39. அப்புறம் வூஸ்டர்ஷயருக்கு எதிராக 144. சீசன் முடியும்போது 936 ரன், சராசரி 35.92. இதை வைத்துப் போர் பறித்த கிரிக்கெட் வாழ்க்கை என்று எழுதத் தோன்றும். எனக்கு அது சரியாகப் படவில்லை. சண்டை வந்த பிறகு மட்டையை வைத்துவிட்டுச் சீருடை போட்ட ஆள் இல்லை அவர், சிறு வயதிலேயே கடற்படைப் பயிற்சிக்குப் போனவர், கப்பல் விட்ட நேரத்தில்தான் கிரிக்கெட்டே. போர் இல்லாவிட்டாலும் எத்தனை சீசன் கிடைத்திருக்கும் என்று சொல்ல முடியாது. போர் பறித்தது அவர் உயிரை, அதைச் சொன்னாலே போதும்.

லண்டனின் பாடிங்டன் ஸ்டேஷனிலிருந்து பிளிமத்துக்கு ரயிலில் போனால் டாலிஷ் பக்கம் தண்டவாளம் கடலை ஒட்டியே ஓடுகிறது, இடது பக்க ஜன்னல் சீட் பிடியுங்கள். பிளிமத் 1941 குண்டுவீச்சில் நொறுங்கி மறுபடி கட்டிய ஊர். ஸ்டேஷனிலிருந்து நேராகக் கீழே நடந்து கடைத்தெருவைத் தாண்டி ஏறினால் ஹோ என்கிற புல்வெளி மேடு, சிவப்பு வெள்ளைப் பட்டை போட்ட பழைய கலங்கரை விளக்கம், முன்னால் முழுக்கக் கடல். அங்கேதான் கடற்படை நினைவுத்தூண் இருக்கிறது. சாட்டம், போர்ட்ஸ்மத், பிளிமத் மூன்று ஊரிலும் ஒரே மாதிரித் தூண், உச்சியில் செம்பு உருண்டை. தூரத்தில் வரும் கப்பல்களுக்கு அடையாளமாகவும் இருக்கட்டும் என்றே இந்த வடிவத்தைத் தேர்ந்தெடுத்திருக்கிறார்கள். வடிவமைத்தவர் எடின்பரோக்காரர் ராபர்ட் லோரிமர். முதல் உலகப்போரில் இறந்த 7,251 பேர், இரண்டாவதில் 15,933 பேர், எல்லோரும் கடலே கல்லறையானவர்கள். வெண்கலப் பலகைகளில் 1916 பகுதிக்கு வந்து லெப்டினன்ட் வரிசையில் விரலை ஓட்டிக்கொண்டே போனால் அபர்குரோம்பி. ரன் கணக்கெல்லாம் அங்கே கிடையாது, மேலும் கீழும் இருப்பவர்களுக்கு உள்ள அதே அளவு எழுத்து.

டிஃபென்ஸ் மூழ்கிய விதம்தான் என்னால் ஆற மாட்டாமல் இருக்கிறது. அது பழைய பாணி கவச குரூசர். ரியர் அட்மிரல் ராபர்ட் அர்பத்நாட் அதில் இருந்துகொண்டு, அடிபட்டு நின்ற ஜெர்மன் கப்பல் வீஸ்பாடனை முடித்துவிட வேண்டுமென்று பாய்ந்தார். பாய்ந்த வேகத்தில் பிரிட்டிஷ் அட்மிரல் பீட்டியின் லயன் கப்பலின் குறுக்கே போய், அது விலகித் திரும்ப வேண்டியதாயிற்று. புகைமூட்டம் விலகினால் எதிரே ஜெர்மனியின் பெரிய போர்க்கப்பல்கள். மாலை 6.20 வாக்கில் வெடிமருந்து அறைகள் தீப்பிடித்துக் கப்பலே வெடித்தது. சுமார் 900 பேர், ஒருவர்கூடப் பிழைக்கவில்லை. அர்பத்நாட்டின் துணிச்சலைப் பாராட்டுகிறவர்கள் உண்டு, எனக்கு மனசு வரவில்லை. வீஸ்பாடன் ஏற்கெனவே நகர முடியாமல் கிடந்தது, அதற்காக இத்தனை பேரைக் கொண்டுபோய் நிறுத்தியிருக்க வேண்டியதில்லை.

2001-ல் முக்குளிப்பவர்கள் டிஃபென்ஸைப் பார்த்தபோது, சிதறிப் போயிருக்கும் என்று நினைத்த கப்பல் பெரும்பாலும் முழுசாகக் கிடந்தது. இப்போது அது பிரிட்டிஷ் சட்டப்படி பாதுகாக்கப்பட்ட இடம். ஆனால் ஜட்லாந்தில் மூழ்கிய வேறு சில கப்பல்களை உலோகத்துக்காக அறுத்து எடுத்திருக்கிறார்கள், அதைக் கேட்டால் வயிறு எரிகிறது.

போகிறவர்களுக்கு ஒன்று: காமன்வெல்த் போர்க் கல்லறை ஆணையத்தின் இணையதளத்தில் பெயரைத் தட்டிப் பலகை எண்ணை எழுதிக்கொண்டு போங்கள், இல்லாவிட்டால் இத்தனை ஆயிரம் பெயருக்கு நடுவே கண்டுபிடிப்பது பெரும்பாடு. நேரம் இருந்தால் லேட்டனுக்கும் போய்வாருங்கள்.