முதுகில் எட்டு கொக்கிகள்

நடனக் குழு ஒன்றின் உடை அறையில் வேலை பார்த்தேன். கிழிந்ததைத் தைப்பது, வியர்வையில் ஊறியதைக் காயவைப்பது, மேடைக்குப் போகும் முன் முதுகில் கொக்கிகளை மாட்டிவிடுவது. பாலே என்றால் அன்னப் பறவையும் விரிந்து நிற்கும் குட்டைப் பாவாடையும்தான் என்றிருந்தேன், நடன அமைப்பாளர் ஆன்டனி டியூடரின் 'லைலக் கார்டன்' எங்கள் குழுவுக்கு வரும்வரை.

1936-இல் லண்டனில் முதலில் மேடையேறிய படைப்பு அது. இசை ஷோசோனுடையது, சோகமான வயலின். கேரொலினுக்குக் கல்யாணம் நிச்சயமாகிவிட்டது. அதற்கு முன் நிலா வெளிச்சத்தில் ஒரு விருந்து. அவள் காதலனும் வந்திருக்கிறான், மாப்பிள்ளையின் பழைய காதலியும் வந்திருக்கிறாள். இரண்டு வார்த்தை பேசி விடைபெறலாம் என்றால், ஒவ்வொரு முறையும் யாராவது குறுக்கே வந்துவிடுகிறார்கள். மாப்பிள்ளைக்குப் பெயரே கிடையாது. பாத்திரப் பட்டியலில் 'அவள் மணந்தாக வேண்டியவன்' என்று மட்டும் இருக்கும். அந்த 'ஆக வேண்டிய' போதாதா?

பழைய பாலேக்களில் காதலைச் சொல்லக் கையை நெஞ்சில் வைப்பார்கள், கல்யாணத்துக்கு மோதிர விரலைத் தொட்டுக் காட்டுவார்கள். இதில் அப்படி ஜாடையாகச் சொல்வது மிகக் குறைவு. சொல்ல முடியாததையெல்லாம் முதுகும் கழுத்தும்தான் சுமக்க வேண்டும்.

ஒத்திகையில், கேரொலினாக ஆடியவர் மூச்சு முட்டுகிறது என்றார். பாவமாக இருந்தது. எட்டு கொக்கிகளில் மூன்றை ஒரு விரல் அளவு தள்ளித் தைத்துக் கொடுத்தேன். அன்று அவர் தோள் இளகி, கை தாராளமாக நீண்டது. அழகாகத்தான் இருந்தது. ஆனால் முந்தின நாள் வரை அந்தக் கை பாதி தூரம் போய், காலடிச் சத்தம் கேட்டாற்போல் இடுப்புக்குத் திரும்பும். பார்க்கிற எனக்குத் தொண்டை அடைக்கும். அன்று அது இல்லை. ஒத்திகை முடிந்ததும் அவரே வந்து, பழையபடி தைத்துவிடச் சொன்னார்.

அரங்கேற்றத்தன்று திரை ஓரத்தில் நின்று பார்த்தேன். இசை உச்சத்துக்கு ஏறும்போது மொத்த விருந்தும் அப்படியே உறைந்து நிற்கிறது. கேரொலின் மட்டும் அந்த உறைவிலிருந்து விலகி நகர்கிறாள். அப்புறம் திரும்பவும் எல்லோரும் நாகரிகமாக நடமாடத் தொடங்க, கடைசியில் மாப்பிள்ளையின் கையைப் பிடித்துக்கொண்டு போய்விடுகிறாள்.

உள்ளே வந்ததும் எனக்கு முதுகைக் காட்டி நின்றார். மூன்றாவது கொக்கியைக் கழற்றிய பிறகுதான் மூச்சு விட்டார். தோலில் வரிசையாகச் சிவப்புத் தடங்கள். மீதி ஐந்தையும் மெதுவாகவே கழற்றினேன்.